கல்லில் நிற்கும் கூரைவீடு

பல்லவர்தம் தலைநகர் காஞ்சி. அதன் கடல்வாயில் மாமல்லை. அன்றைய காஞ்சிக் குடிகள் வாழ்ந்த மண்சுவரும் மரத்தூணும் ஓலைக்கூரையும் மண்ணோடு மண்ணாயின. செங்கல், மரம், உலோகம், சுதை இன்றிக் கோயில் எடுத்ததை மண்டகப்பட்டுக் கல்வெட்டில் மகேந்திரவர்மன் பெருமிதத்துடன் பொறித்தான். அழியும் பொருள்களைத் துறந்த கல், அவற்றின் வடிவத்தை மட்டும் துறக்கவில்லை. மாமல்லையில் பாறையைக் குடைந்தமைத்த திரௌபதி ரதம் ஓலைக்குடிசையின் வடிவம். பீம ரதத்தின் கூரையோ வண்டிக்கூடு போல வளைந்தது. 1984-இல் உலக மரபுச் சின்னமாக யுனெஸ்கோ ஏற்ற இக்கடற்கரை, மன்னர் புகழை மட்டும் சொல்வதன்று. மூங்கில் வளைத்தும் கூரை வேய்ந்தும் வாழ்ந்த, பெயரறியா மாந்தரின் கைத்திறனுக்கும் அதுவே சான்று. தலைநகர் இழந்த வீட்டின் சாயலை, கடலோரப் பாறை இன்றும் காத்து நிற்கிறது.