திருவையாற்றுக் கர்ணம் வீட்டுப் பெண்

போன தை மாதம் ஒரு கல்யாணத்துக்காகத் திருவையாறு போயிருந்தோம். ஏலாக்குறிச்சியிலிருந்து திருமானூர் வந்து கொள்ளிடத்தைத் தாண்டினால் திருவையாறு பக்கம்தான். பந்தி முடிந்து வெற்றிலை போட்டுக்கொண்டிருந்தபோது, பக்கத்தில் இருந்த உள்ளூர் இளைஞரிடம், "டி.பி. ராஜலட்சுமி வீடு எந்தத் தெருவில் இருந்தது, தெரியுமா தம்பி?" என்று கேட்டேன். "எந்த ஆபீஸ்ல வேலை பாக்கிறாங்க சார்?" என்றார். அவர்மேல் தப்பில்லை. ஆராதனை சமயத்தில் தியாகராஜ சுவாமிகளைப் பற்றிக் கேட்டிருந்தால் சரியாகச் சொல்லியிருப்பார்.

தமிழின் முதல் பேசும் படத்தில் கதாநாயகி, தமிழில் படம் இயக்கிய முதல் பெண். இரண்டும் ஒரே ஆள், அதுவும் ஆற்றுக்கு அக்கரையில் பிறந்தவர். பெயரிலேயே ஊர் இருக்கிறது. டி என்றால் திருவையாறு, பி என்றால் தகப்பனார் பஞ்சாபகேச சாஸ்திரி. ஐயாறப்பருக்கும் பஞ்சாபகேசன் என்று ஒரு பெயர் உண்டு என்பதால் அங்கே வீட்டுக்கு ஒரு பஞ்சாபகேசன் இருந்த காலம் அது.

1911இல் பிறந்தார். தகப்பனார் ஊர்க் கர்ணம். இளையவர்களுக்காகச் சொல்கிறேன்: கர்ணம் என்றால் கிராமக் கணக்குப்பிள்ளை. சிட்டா, அடங்கல் எல்லாம் அவர் கையில். 1980இல் எம்.ஜி.ஆர். ஆட்சியில் அந்தப் பதவியையே எடுத்துவிட்டார்கள். ஊரார் சொத்துக்கெல்லாம் கணக்கு எழுதியவர் வீட்டுப் பெண்ணுக்குப் பத்து வயதுகூட ஆகுமுன் கல்யாணம் நடந்தது. சீர் போதவில்லை என்ற தகராறில் அது முறிந்தது. பிறகு தகப்பனாரும் போய்விட்டார். தாயும் மகளும் திருச்சிக்குப் போனார்கள்.

எனக்கு இந்தக் கதையை முதலில் சொன்னது புத்தகம் எதுவும் இல்லை. நான் காரைக்காலில் பிரெஞ்சுப் பள்ளியில் படித்தவன். நெப்போலியன் எந்த வருஷம் எங்கே சண்டை போட்டான் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன், தமிழ் சினிமா எங்கே தொடங்கியது என்று தெரியாது. சொன்னவர் என் மனைவியின் பெரியம்மா, இதே ஏலாக்குறிச்சிக்காரர். கட்டிக்கொடுத்த மூன்றாம் வருஷம் நகைத் தகராறில் பிறந்த வீட்டுக்குத் திருப்பி அனுப்பப்பட்டவர். கடைசிவரை இங்கேயேதான் இருந்தார். "அந்தப் பொண்ணும் என்னை மாதிரிதான் மாப்பிள்ளே, அதையும் நகை பத்தலேன்னுதான் அனுப்பிச்சாங்க" என்பார். சொல்லிவிட்டுக் கொஞ்ச நேரம் பேசமாட்டார்.

திருச்சியில் ராஜலட்சுமிக்கு வழி கிடைத்தது நாடகத்தில். சி.எஸ். சாமண்ணா நாயுடுவின் கம்பெனியில், சங்கரதாஸ் சுவாமிகளின் ஆதரவோடு சேர்ந்தார். அக்கிரகாரத்துப் பெண் மேடை ஏறுவது அன்றைக்குச் சாதாரண விஷயமா? உறவுக்காரர்கள் ஒதுக்கி வைத்தார்கள். குரல் இருந்தது, துணிச்சல் இருந்தது. நடுநடுவே தேசபக்திப் பாட்டுகளைப் பாடி போலீஸில் மாட்டிக்கொண்டதும் உண்டு என்பார்கள். பிறகு ஏ. நாராயணன், ராஜா சாண்டோ ஆகியோரின் மௌனப் படங்களில் நடித்தார்.

1931இல் பம்பாயில் அர்தேஷிர் இரானியின் இம்பீரியல் கம்பெனி எடுத்த 'காளிதாஸ்' படத்துக்கு அவரை அழைத்தார்கள். இயக்குநர் எச்.எம். ரெட்டி. வேடிக்கை என்னவென்றால் கதாநாயகன் பி.ஜி. வெங்கடேசன் தெலுங்கில் பேசுவார், இவர் தமிழில் பதில் சொல்வார். சம்ஸ்கிருதக் கவியின் கதைக்கு நடுவே காந்தியையும் ராட்டினத்தையும் பற்றி ஒரு பாட்டு. யாரும் குறை சொல்லவில்லை. திரையில் தமிழ் கேட்கிறது என்பதே போதுமானதாக இருந்தது. அக்டோபர் 31ஆம் தேதி சென்னை கினிமா சென்ட்ரலில் வெளியானது. படப்பெட்டி சென்ட்ரல் ஸ்டேஷனில் வந்து இறங்கியபோது தேங்காய் உடைத்து, பூத்தூவி ஊர்வலமாகக் கொண்டுபோனார்கள் என்று சொல்வார்கள்.

அப்போது சென்னையில் பேசும்படம் எடுக்க ஒரு ஸ்டுடியோ கிடையாது. 1934இல்தான் வந்தது. அதுவரை பம்பாய், இல்லாவிட்டால் கல்கத்தா. நடிகர்கள், பக்கவாத்தியக்காரர்கள், சமையல்காரர் என்று ஒரு கூட்டமே மூட்டை முடிச்சோடு ரயில் ஏறும். 1933இல் ராஜலட்சுமி வள்ளியாக நடித்த 'வள்ளி திருமணம்' அப்படிக் கல்கத்தாவில் பயனியர் ஸ்டுடியோவில் எடுக்கப்பட்டதுதான். தயாரிப்பில் முன்நின்றவர் கோயம்புத்தூர் சாமிக்கண்ணு வின்சென்ட். இவர் திருச்சி ரயில்வேயில் சம்பளக்காரராக இருந்தவர். 1905இல் டூபான் என்ற பிரெஞ்சுக்காரர் உடம்பு சரியில்லாமல் ஊர் திரும்பப் புறப்பட்டபோது, அவரிடமிருந்து படம் காட்டும் கருவியையும் இயேசுநாதர் வாழ்க்கைப் படத்தையும் விலைக்கு வாங்கி, வேலையை விட்டுவிட்டு ஊர் ஊராகக் கிளம்பியவர். முப்பத்தைந்து வருஷம் ஒரே நாற்காலியில் உட்கார்ந்த எனக்கு அந்தத் தைரியம் வந்திருக்குமா என்று நினைத்துப் பார்ப்பேன். வந்திருக்காது.

படம் நன்றாக ஓடிப் பணம் கொட்டியது. அதில் உடன் நடித்த டி.வி. சுந்தரத்தையே ராஜலட்சுமி மணந்துகொண்டார்.

கல்கத்தா என்றதும் அதே ஊரில் அதே காலத்தில் முன்னுக்கு வந்த இன்னொரு பெண் நினைவுக்கு வருகிறார். கானன் தேவி. தகப்பனார் இல்லை, தாயும் பெண்ணும் உறவினர் வீட்டில் வேலை செய்து பிழைத்தவர்கள். 1926இல் 'ஜெயதேவ்' என்ற மௌனப் படத்தில் சிறுமியாக நுழைந்தார். நியூ தியேட்டர்ஸ் எடுத்த 'முக்தி' 1937இல் வந்தபோது அவர் பாட்டு வங்காளம் முழுக்க ஒலித்தது. 1949இல் ஸ்ரீமதி பிக்சர்ஸ் என்று சொந்தக் கம்பெனி, 1976இல் தாதாசாகேப் பால்கே விருது. தன் கதையைத் தானே எழுதியும் வைத்தார். அவர் பாட்டுகள் இன்றும் கேட்கக் கிடைக்கின்றன.

நம்மவர் சொந்தக் கம்பெனி தொடங்கியது அதற்குப் பதின்மூன்று வருஷம் முன்னால். 1936இல் ஸ்ரீராஜம் டாக்கீஸ், படம் 'மிஸ் கமலா'. 'கமலவல்லி' என்று தாமே எழுதிய நாவல்தான் கதை. விரும்பியவன் ஒருவன், கட்டிவைக்கப்பட்டவன் வேறொருவன் என்ற நிலையில் மாட்டிய பெண்ணைப் பற்றியது. கதை, இயக்கம், தயாரிப்பு, நடிப்பு எல்லாம் இவரே. இந்தியாவில் இவருக்கு முன் படம் இயக்கிய பெண் என்றால் 1926இல் மௌனப் படம் எடுத்த பாத்மா பேகம். அதே வருஷம் பிறந்த தம் பெண்ணுக்கும் கமலா என்றே பெயர் வைத்தார். பெண் என்பதால் கொல்லப்படவிருந்த ஒரு குழந்தையையும் எடுத்து வளர்த்தார். திருப்பி அனுப்பப்பட்ட பெண்ணுக்கு இதெல்லாம் ஏன் மனதில் பட்டது என்று நான் விளக்க வேண்டியதில்லை.

பிரான்சில் ஆலிஸ் கீ என்று ஒரு பெண் கோமோன் கம்பெனியில் காரியதரிசியாக இருந்து 1896 முதல் படம் இயக்கினார். உலகிலேயே முதல் பெண் இயக்குநர் அவர்தான் என்கிறார்கள். காரைக்காலில் எனக்குப் பாடம் சொன்னவர்கள் அவர் பெயரை ஒரு தடவைகூட எடுத்ததில்லை. அங்கேயும் இதே கதிதான் போலிருக்கிறது.

'மிஸ் கமலா'வுக்குப் பிறகு 'மதுரை வீரன்' இயக்கினார். 'இந்தியத் தாய்' என்ற தேசியப் படத்தை எடுத்து, தணிக்கையில் சிக்கிப் பெருத்த நஷ்டம் அடைந்தார். கையில் இருந்த சொத்து கரைந்தது. கீழ்ப்பாக்கத்தில் மாளிகை கட்டி வாழ்ந்த 'சினிமா ராணி'யின் கடைசிக் காலம் வசதியானதாக இல்லை. 1961இல் கலைமாமணி விருது வந்தது. 1964இல் காலமானார்.

ரெக்கார்டு ரூமில் கறையான் தின்ற பைல்களை எவ்வளவோ பார்த்தவன் நான். ஒரு பைல் போனாலும் வேறெங்காவது ஒரு நகல், ஒரு ரிஜிஸ்டர் பதிவு கிடைக்கும். இங்கே அதுவும் இல்லை. 'காளிதாஸ்' பிரதி இல்லை, 'வள்ளி திருமணம்' இல்லை, 'மிஸ் கமலா' இல்லை. தமிழில் ஒரு பெண் இயக்கிய முதல் படம் எப்படி இருந்தது என்று பார்த்துச் சொல்ல ஒரு சுருள்கூட மிஞ்சவில்லை.

பெரியம்மா 'வள்ளி திருமணம்' பார்த்தது தஞ்சாவூரில், கல்யாணத்துக்கு முன்னால், அண்ணன் கூட்டிப்போய். வயசான பிறகும் கேட்டால் எழுந்து நின்று காட்டுவார். புடவைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டு, இடது கையை நெற்றிக்கு மேல் வைத்துத் தினைப்புனத்தைப் பார்ப்பார், வலது கையால் கவண் சுற்றுவார். "இப்படித்தான் சுத்தினா" என்பார். எங்கள் வீட்டுத் திண்ணையில் அதை நான் நாலைந்து தடவை பார்த்திருக்கிறேன்.