பிதற்றலை அளந்து எழுதியவர்: சுகுமார் ராய்

1923ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதம் 19ஆந் திகதி கல்கத்தா நகரிலே சிறுவர்க்கான பாட்டு நூலொன்று வெளிவந்தது. 'ஆபோல் தாபோல்' என்பது அதன் பெயர். பொருளற்ற பிதற்றல் என்று அதனைத் தமிழிற் சொல்லலாம். பாடல்களும் படங்களும் அட்டைச் சித்திரமும் ஒருவரே ஆக்கியவை. ஆனால், அச்சாகி வந்த நூலைக் கையில் எடுத்துப் பார்க்க அவர் இருக்கவில்லை. ஒன்பது நாட்களுக்கு முன்னர், தமது 35ஆவது வயதிலே கண்மூடிவிட்டார். அவரே சுகுமார் ராய்.

நேயர்களே, நகைச்சுவை எழுத்தாளர் என்றதும் வாய்க்கு வந்ததைச் சொல்லித் திரியும் பொறுப்பற்ற மனிதர் ஒருவரை நாம் எண்ணிக்கொள்வது வழக்கம். சுகுமார் அத்தகையவர் அல்லர். ஒளியையும் நிழலையும் கணித்துப் பார்ப்பதைத் தொழிலாகக் கொண்ட விஞ்ஞான மாணவர் அவர். பிதற்றலையும் அவர் அளந்தே பிதற்றினார் என்பது என் கருத்து.

அவர் பிறந்தது 1887ஆம் ஆண்டு ஒக்டோபர் 30ஆந் திகதி. தந்தையார் உபேந்திரகிசோர் ராய் சௌதுரி கதாசிரியர், ஓவியர், வயலின் வாசிப்பவர். சிறுவர்க்கென அவர் எழுதிய இராமாயணத்துக்குத் தாமே படங்கள் வரைந்தார். அவை அச்சிலே உருக்குலைந்து வந்தபோது மனம் வருந்தினார். மற்றவராயின் அச்சுக்கூடத்தாரை நொந்துகொண்டு இருந்துவிடுவர். இவரோ இங்கிலாந்திலிருந்து கருவிகளை வரவழைத்து, 'ஹாஃப்டோன்' என்னும் படப் புளொக் செய்யும் முறையைத் தாமே ஆராயத் தொடங்கினார். நுண்ணிய கோடுகள் குறுக்கும் நெடுக்குமாகக் கீறப்பட்ட கண்ணாடித் திரையின் ஊடாகப் படம் பிடித்தால், சாயல்கள் யாவும் சிறிதும் பெரிதுமான புள்ளிகளாக மாறும். இருண்ட இடத்திலே பெரும்புள்ளி. வெளிச்சமான இடத்திலே சிறுபுள்ளி. அந்தப் புள்ளிகளைச் செம்மைப்படுத்தும் கணக்கிலே உபேந்திரகிசோர் கண்ட முடிவுகளை, இங்கிலாந்தின் அச்சுத்தொழில் ஆண்டு மலரான 'பென்ரோஸ்' விரும்பி வெளியிட்டது. மைவாடையும் இசையும் கதையும் கலந்த இந்த இல்லத்திலேதான் சுகுமார் வளர்ந்தார்.

பிரசிடென்சிக் கல்லூரியிலே பௌதிகம், இரசாயனம் ஆகிய இரண்டிலும் அவர் சிறப்புப் பட்டம் பெற்றார். அக்காலத்திலேயே நண்பர்களைக் கூட்டி 'நொன்சென்ஸ் கிளப்' என்றொரு சங்கத்தை அமைத்து, அதற்கெனக் கையெழுத்துச் சஞ்சிகை ஒன்றையும் நடத்தினார். சஞ்சிகையின் பெயர் 'முப்பத்திரண்டரை வறுவல்' என்று பொருள்படும். நாடகம் எழுதி, தாமே நடித்தும் காட்டினார்.

1911ஆம் ஆண்டு கல்கத்தாப் பல்கலைக்கழகத்தின் புலமைப்பரிசில் பெற்று இங்கிலாந்து சென்றார். இலக்கியம் படிக்கவன்று, புகைப்படக் கலையும் அச்சுக்கலையும் பயில்வதற்காக. முதலில் இலண்டனிலும் பின்னர் மான்செஸ்ரரிலும் பயின்றார். தந்தையைப் போலவே அவரும் 'பென்ரோஸ்' மலரில் ஆராய்ச்சிக் கட்டுரைகள் எழுதினார். 1913இல், தாகூர் நோபெல் பரிசு பெறுவதற்குச் சில மாதங்களுக்கு முன்பு, அக்கவிஞரின் உள்ளப்பாங்கைப் பற்றி இலண்டனிலே ஆங்கிலத்தில் ஒரு சொற்பொழிவும் ஆற்றினார்.

அதே 1913இல் உபேந்திரகிசோர் 'சந்தேஷ்' என்னும் சிறுவர் சஞ்சிகையை ஆரம்பித்தார். இச்சொல்லுக்கு வங்க மொழியிலே செய்தி என்றும் பொருளுண்டு. பாலிலே செய்யும் இனிப்புப் பண்டமொன்றின் பெயரும் அதுவே. 1915இன் இறுதியில் தந்தையார் மறைய, சஞ்சிகையும் அச்சுக்கூடமும் மகனுடைய தோளில் விழுந்தன. கதை, பாட்டு, நாடகம், விஞ்ஞானக் கட்டுரை, சித்திரம் என்று இதழ் தோறும் சுகுமாரின் கைவண்ணம் நிறைந்தது. திங்கட்கிழமைகளில் நண்பர்கள் கூடும் சங்கம் ஒன்றும் இருந்தது. திங்களுக்கான 'மண்டே' என்ற ஆங்கிலச் சொல்லை 'மண்டா' என்ற இனிப்பின் பெயராகத் திரித்து, 'மண்டா கிளப்' என்று அதனை அழைத்தனர். புள்ளிவிபரவியல் மேதை மகலனோபிஸும் மொழியறிஞர் சுநீதி குமார் சட்டர்ஜியும் அதன் உறுப்பினர்கள். கூட்ட அழைப்பிதழ்களைச் சுகுமார் வேடிக்கைப் பாட்டாகவே எழுதி அச்சிட்டார்.

இனி அவர் படைத்த விந்தை உலகுக்கு வருவோம். வங்க மொழியிலே 'ஹான்ஸ்' என்றால் வாத்து. 'சஜாரு' என்றால் முள்ளம்பன்றி. இரண்டையும் ஒட்டவைத்து 'ஹான்ஸ்ஜாரு' என்றொரு பிராணியைச் சுகுமார் படைத்தார். புணர்ச்சி விதி கற்பிக்கும் நம்மவர் இதனைக் கண்டாற் கோபிப்பார்களோ, சிரிப்பார்களோ அறியேன். இந்தச் சேர்க்கை வெறும் விளையாட்டன்று. இரு சொற்களும் தொட்டுக்கொள்ளும் ஓசையைச் செவியால் அளந்தே அவர் பொருத்தினார். பின்னர் அதனைச் சித்திரமாக வரைந்தபோது, அத்தகைய பிராணி எங்கோ நடமாடுகிறதென்றே பார்ப்பவருக்குத் தோன்றுகிறது.

'இருபத்தொன்றின் சட்டம்' என்ற பாட்டு இன்னொரு வகை. அதிலே வரும் தேசத்தில் ஒருவன் வழுக்கி விழுந்தாற் காவலன் பிடித்துச் செல்வான். தண்டம் 21 ரூபா. தும்முவதற்கும் அனுமதிச் சீட்டு வேண்டும். கவிதை எழுதுவோரைக் கூண்டில் அடைத்து, காதருகே வாய்ப்பாடு ஓதி, மளிகைக்கடைக் கணக்கை 21 பக்கம் போட வைப்பார்கள். வாய்ப்பாட்டைத் தண்டனையாக்கியது ஆசிரியத் தொழில் செய்யும் எனக்குச் சற்றே உறுத்துகிறது; இருந்தும் சிரிப்பை அடக்க முடியவில்லை. அந்நியர் ஆட்சியிலே சட்டங்களுக்குக் கீழ்ப்பட்டு வாழ்ந்த மக்கள் இப்பாட்டைப் படித்தபோது சிறுவர் மட்டுமே சிரித்திருப்பார்கள் என்று நான் நம்பவில்லை.

'ஹ ஜ ப ர ல' என்ற கதையிலே வியர்வை துடைக்க எடுத்த கைக்குட்டை பூனையாகிறது. காகமொன்று சிலேற்றுப் பலகையில் கணக்குப் பார்க்கிறது. ஒரு கிழவன், வயது நாற்பதை எட்டியதும் அதனைத் திருப்பி இறங்குமுகமாக எண்ணவேண்டும் என்கிறான்.

நாற்பதை எட்டும் பேறு இக்கதையை எழுதியவருக்குக் கிட்டவில்லை. 1921ஆம் ஆண்டு மே 2ஆந் திகதி மகன் சத்தியஜித் பிறந்தான். அந்த ஆண்டிலேயே சுகுமாரைக் காலா அசார் என்னும் கொடிய காய்ச்சல் பற்றியது. அதே கல்கத்தாவிலே மருத்துவ அறிஞர் உபேந்திரநாத் பிரமச்சாரி அந்நோய்க்கான யூரியா ஸ்டிபமின் மருந்தைக் கண்டுபிடித்திருந்தார். பின்னாளில் பெருந்தொகையான உயிர்களைக் காத்த மருந்து அது. எனினும் அது பரவலான பயனுக்கு வருமுன்னரே சுகுமாரின் காலம் முடிந்துவிட்டது. இரண்டாண்டுகளுக்கு மேலாக நோயுடன் போராடியபடி எழுதினார், வரைந்தார், 'ஆபோல் தாபோல்' நூலைப் பக்கம் பக்கமாக அமைத்தார். அந்நூலின் கடைசிப் பாட்டும் நோய்ப் படுக்கையிலே பிறந்ததுதான். முடிவு நெருங்கிய நாட்களில் தாகூர் நேரில் வந்து, படுக்கையருகே அமர்ந்து அவருக்காகப் பாடினார். 1923 செப்டெம்பர் 10ஆந் திகதி, அச்சுக்கூடமும் அமைந்திருந்த கார்பார் வீதி இல்லத்திலே அவர் உயிர் பிரிந்தது.

சில ஆண்டுகளில் அச்சுக்கூடம் நொடித்தது. அந்த வீடும் கைமாறிற்று. தாய் சுப்ரபா மகனை அழைத்துக்கொண்டு உடன்பிறந்தாரின் வீடு சென்றார். அந்த மகனே பின்னாளில் உலகறிந்த திரைப்பட இயக்குநரானார். நின்றுபோயிருந்த 'சந்தேஷ்' சஞ்சிகையை 1961இல் கவிஞர் சுபாஷ் முகோபாத்யாயருடன் சேர்ந்து மீண்டும் நடத்தினார். 1987இல், தந்தையின் நூற்றாண்டின்போது, அவரைப் பற்றி ஓர் ஆவணப்படமும் எடுத்தார். தந்தை இறந்தபோது அவருக்கு வயது இரண்டரை கூட நிரம்பவில்லை. தந்தையைப் பற்றி அவர் மனத்திலே தங்கிய நினைவு ஒன்றே ஒன்று. கங்கைக் கரையிலுள்ள ஒரு வீடு. சன்னலோரம் அமர்ந்து படம் வரைந்துகொண்டிருந்த தந்தை, கப்பல் போகிறது என்று திடீரெனச் சொல்கிறார். குழந்தை முற்றத்துக்கு ஓடுகிறது. ஊதலொலி எழுப்பியபடி நீராவிக் கப்பலொன்று ஆற்றிலே செல்கிறது.