உறுப்பின் விலையும் உழைப்பின் இழப்பும்

விபத்தொன்றிலே கையையோ காலையோ இழந்த ஒருவனுக்கு அவ்வுறுப்பை மீட்டுக் கொடுக்க எந்த நீதிமன்றத்தாலும் இயலாது. அது கொடுக்கக்கூடியது பணம் ஒன்றே. அப்பணத்தை எவ்வாறு அளவிடுவது என்னும் வினா மோட்டார் வண்டிக்குப் பன்னூறு ஆண்டுகள் முந்தியது.

கி. பி. 600ஆம் ஆண்டளவில் இங்கிலாந்தின் கென்ட் பகுதியை ஆண்ட எதெல்பேட் மன்னனின் சட்டத்தொகுதி இதற்கு நேரான விடை பகர்ந்தது. கண்ணுக்கு 50 சில்லிங், பாதத்துக்கு 50, கைப்பெருவிரலுக்கு 20, அவ்விரலின் நகத்துக்கு 3 என உறுப்புத்தோறும் அது விலை வகுத்தது. இழந்தவன் அவ்விரலால் என்ன தொழில் செய்து பிழைத்தான் என்று அது வினவவில்லை.

உரோமர் வகுத்த நெறி இதற்கு மாறானது. மாடியிலிருந்து எறியப்பட்ட பொருளாற் காயமுற்றவனைக் குறித்து, இரண்டாம் நூற்றாண்டின் சட்ட அறிஞரான கேயஸ், சுதந்திர மனிதனின் உடல் விலைமதிப்புக்கு உட்படாது என்றார். ஆதலால் தழும்புக்குத் தொகையில்லை. மருத்துவச் செலவும், இழந்ததும் இனி இழக்கப்போவதுமான உழைப்பூதியமுமே கணக்கில் வரும். பிற்காலத்து ஒல்லாந்த அறிஞர் நோவுக்கும் உருக்குலைவுக்கும் ஈடு உண்டென அந்நெறியை விரிவாக்கினர். அவர்கள் வழிவந்த உரோமன் டச்சுச் சட்டமே இலங்கையில் இத்தகைய வழக்குகளுக்கு அடிப்படையாய் நிலைத்தது.

ஆலைகள் பெருகிய காலத்தில் விலைப்பட்டியல் புது வடிவில் மீண்டது. தொழிலாளர் நட்டஈட்டுச் சட்டம் பிரித்தானியாவில் 1897இலும், இந்தியாவில் 1923இலும், இலங்கையில் 1934இலும் இயற்றப்பட்டது. இந்தியச் சட்டத்தின் அட்டவணை, பெருவிரலை இழந்தவனின் உழைக்கும் ஆற்றல் நூற்றுக்கு 30 வீதம் குறைந்ததெனவும், தோள்மூட்டோடு கையை இழந்தவனுக்கு 90 வீதம் குறைந்ததெனவும் கொண்டது. முதலாளியின் தவறை நிரூபிக்காமலே தொழிலாளி ஈடு பெறலாம் என்பது இதன் பெருஞ்சிறப்பு. ஆயினும் தையற்காரனின் பெருவிரலுக்கும் காவற்காரனின் பெருவிரலுக்கும் அட்டவணையில் ஒரே எண்தான்.

பின்னர் வீதிகளில் மோட்டார் வண்டி மலிந்தது. இந்தியா 1939இல் மோட்டார் வாகனச் சட்டத்தை இயற்றி, 1956ஆம் ஆண்டுத் திருத்தத்தால் விபத்து நட்டஈட்டுக்கெனத் தனி நியாயசபைகளுக்கு வழிசெய்தது. அங்கே கணக்கு மூன்று எண்களால் அமைந்தது: ஆண்டு வருமானம், உழைப்பாற்றல் குறைந்த வீதம், வயதுக்கேற்ற பெருக்கெண். நாற்பது வயதினன் இன்னும் இருபது ஆண்டு உழைக்கக்கூடுமாயினும் அவனுக்குரிய பெருக்கெண் 15 மட்டுமே. மொத்தத் தொகை முற்கூட்டியே கைக்கு வந்து வட்டி ஈட்டும் என்பதும், வாழ்வின் பிற இடர்களும் அதற்குக் காரணம். இப்பெருக்கெண்களை இந்திய உச்ச நீதிமன்றம் 2009இல் வயது வாரியாக ஒழுங்குபடுத்தியது.

எஞ்சிய சிக்கல் நடுவெண்ணில் இருந்தது. 2010 ஒக்டோபரில் அதே நீதிமன்றம் அதனைத் தெளிவாக்கியது. ஒரு காலின் செயல் 45 வீதம் குறைந்தது என்னும் மருத்துவச் சான்று, உழைப்பும் 45 வீதம் போயிற்று என்பதற்குச் சான்றாகாது. அவ்வழக்கில் உழைப்பிழப்பு 20 வீதமே எனக் கணிக்கப்பட்டது. மாறாக, இடக்கையை இழந்த சாரதிக்கோ தச்சனுக்கோ அது ஏறத்தாழ முழு இழப்பாகலாம். பதவியிழக்காத எழுதுவினைஞனுக்கு அவ்வாறாகாது.

இவ்வேறுபாடு எத்துணைப் பெரிது! மாதம் 10,000 ரூபா உழைக்கும் 38 வயதினர் இருவரைக் கொள்வோம். ஆண்டு வருமானம் 1,20,000, பெருக்கெண் 15. சாரதியின் இழப்பு முழுமையெனின் 18,00,000 ரூபா. எழுதுவினைஞனின் இழப்பு 20 வீதமெனின் 3,60,000. மருத்துவச் செலவு, நோவு, எதிர்கால வருமான உயர்வு முதலியவை இவற்றின்மேற் கூடுவன. இறந்தவர் வழக்கிற்போலச் சொந்தச் செலவைக் கழிப்பதுமில்லை. ஏனெனில் இவன் உயிரோடிருக்கிறான், உண்ணவும் உடுக்கவும் வேண்டியவன்.

கூலியே பெறாதவர் நிலை யாது? இல்லத்தரசியின் உழைப்புக்கும் வருமான மதிப்பு உண்டென அந்நீதிமன்றம் 2021இல் மீண்டும் வற்புறுத்தியது. எதெல்பேட் மன்னனின் சட்டம் எந்த உறுப்பு போயிற்று என்று கேட்டது. அவ்வுறுப்போடு எவருடைய வாழ்வில் எது போயிற்று என்பதே இன்றைய நீதிபதி கேட்கவேண்டிய கேள்வி. அதைக் கேளாது சான்றிதழின் எண்ணை மட்டும் பெருக்கும் கணக்கு, பிழையின்றி முடிந்தாலும் நீதியாகாது.