அந்த நீலம் வந்த வழி

குருவிகுளத்தில் எங்கள் பெரியப்பா வீட்டு டிரங்குப் பெட்டியில், அந்துருண்டை வாசத்தோடு ஒரு வெளிர்நீலத் தொப்பி இருக்கிறது. கம்பளித் துணி. முன்பக்கம் ஒரு வில்லை. அதில் உலகப் படம், இருபுறமும் ஒலிவக் கிளை. ராணுவத்தில் லாரி ஓட்டிய பெரியப்பா, காங்கோவின் கோமா நகரத்தில் ஐ.நா. அமைதிப்படையில் இருந்தபோது அணிந்தது. "துப்பாக்கியப் பாத்துச் சனம் பக்கத்துல வரல ஐயா. இந்த நெறத்தப் பாத்துத்தான் வந்தாக" என்பார்.

அந்த நிறம் படைவீரர் தலைக்கு ஏறியது 1956 நவம்பரில். சூயஸ் கால்வாயை நாசர் நாட்டுடைமையாக்கியதும் பிரிட்டன், பிரான்ஸ், இஸ்ரேல் மூன்றும் எகிப்தின் மேல் படையெடுத்தன. கனடாவின் வெளியுறவு அமைச்சர் லெஸ்டர் பியர்சன் சொன்ன யோசனைப்படி, நடுவில் நிற்க ஒரு படையை ஐ.நா. திரட்டியது. சிக்கல் உடுப்பில் வந்தது. வந்தவர்களில் சிலரின் சீருடை பிரிட்டிஷ் சீருடையைப் போலவே இருந்தது. தூரத்திலிருந்து பார்ப்பவனுக்குச் சண்டைக்காரன் யார், விலக்கிவிட வந்தவன் யார் என்று எப்படித் தெரியும்? நீலத் தொப்பி தைக்க வாரக்கணக்கில் ஆகும். ஐரோப்பாவில் அமெரிக்க ராணுவத்திடம் ஹெல்மெட்டுக்கு உள்ளே வைக்கும் இலேசான கூடுகள் நிறைய இருந்தன. அவற்றின் மேல் ஐ.நா. கொடியின் நீலத்தைப் பீய்ச்சி அடித்து அனுப்பினார்கள். அவசரத்துக்கு அடித்த அந்தப் பெயின்ட்தான் பிறகு ஒரு வாக்குறுதியாக மாறியது.

அந்தப் படை நின்ற காஸாவில் அந்த நீலத்தை அணிந்தவர்களில் இந்தியர்களும் உண்டு. 1967 ஜூனில் அங்கே மறுபடி போர் மூண்டபோது அவர்களில் சிலர் உயிரிழந்தார்கள். அதற்கு முன்பே, 1961 டிசம்பர் 5-இல், காங்கோவின் எலிசபெத்வில் நகரில் கேப்டன் குர்பச்சன் சிங் சலாரியா ஐ.நா. பணியில் உயிர்கொடுத்துப் பரம்வீர் சக்ரா பெற்றார்.

தொடக்கத்தில் இந்த நீலத்தின் வேலை பெரும்பாலும் இரண்டு படைகளுக்கு நடுவே நிற்பதுதான். பிறகு வேலை கூடியது. 1991-இல் எல் சால்வடாரில், போர் ஓயும் முன்பே, மனித உரிமை மீறல்களைக் கண்காணிக்க ஐ.நா. குழு போனது. சாதாரண சனங்களைக் காப்பதும் படையின் கடமை என்று வெளிப்படையாக எழுதப்பட்டது 1999-இல், சியரா லியோனுக்காக. 2007-இல் லைபீரியாவுக்கு நம் சி.ஆர்.பி.எஃப். பெண் காவலர்கள் நூற்றுக்கும் மேற்பட்டோர் போனார்கள். ஐ.நா. வரலாற்றில் முழுக்கப் பெண்களே இருந்த முதல் காவல் அணி அதுதான்.

அந்த 1999-க்கு முன்னே ஒரு ரத்தக்கறை இருக்கிறது. ருவாண்டாவின் கிகாலி நகரில் ஒரு தொழிற்கல்விப் பள்ளியில் ஐ.நா. படையின் பெல்ஜிய வீரர்கள் தங்கியிருந்தார்கள். இனப்படுகொலைக்கு அஞ்சி, அவர்களை நம்பிச் சுமார் 2,000 பேர் அங்கே அடைக்கலம் புகுந்தார்கள். 1994 ஏப்ரல் 11-இல் அந்த வீரர்களுக்குக் கிளம்பச் சொல்லி உத்தரவு வந்தது. சனங்கள் வண்டிகளை மறித்துக் கெஞ்சினார்கள். வண்டிகள் போயின. அங்கிருந்தவர்களில் பெரும்பாலோர் கொல்லப்பட்டார்கள்.

பதினான்கு ஆண்டு கழித்து அதே கெஞ்சல் நம் மொழியில் எழுந்தது. இலங்கைப் போரின்போது வன்னியின் கிளிநொச்சியில் நீல ஹெல்மெட் படை இல்லை. நிவாரணப் பணியாளர்களின் அலுவலகத்தில் அதே நீலக் கொடி பறந்தது. பாதுகாப்புக்கு உத்தரவாதம் தர முடியாது என்று 2008 செப்டம்பரில் இலங்கை அரசு சொன்னது, ஐ.நா. வெளியேற முடிவெடுத்தது. போகாதீர்கள், நீங்கள் போனால் எங்களுக்கு என்ன நடந்தாலும் பார்க்க ஆளில்லை என்று சனங்கள் வாசலில் திரண்டு கேட்டார்கள். செப்டம்பர் 16-இல் வண்டிகள் கிளம்பின. உள்ளூர்த் தமிழ் ஊழியர்களின் குடும்பங்கள் வெளியேற விடுதலைப் புலிகள் அனுமதி மறுத்ததால், அவர்கள் உள்ளேயே சிக்கிக்கொண்டார்கள்.

2009 ஜனவரியில் உணவு லாரிகளோடு போன ஐ.நா. அணியில் சிலர், அந்த ஊழியர்களை விட்டுவர மனமில்லாமல் அங்கேயே நின்றார்கள். சுதந்திரபுரத்தில் பதுங்கு குழி வெட்டி, தாங்கள் இருக்கும் இடத்தின் அமைவிடக் குறிப்பை ராணுவத்துக்குத் தெரிவித்தார்கள். அந்தக் கொடியை நம்பிச் சனங்கள் சுற்றிலும் கூடாரம் போட்டார்கள். அப்படியும் ஷெல் விழுந்தது.

அந்தப் போரின் கடைசி மாதங்களில் 40,000 பேர்வரை இறந்திருக்கலாம் என்று ஐ.நா. பொதுச்செயலர் அமைத்த நிபுணர் குழு 2011-இல் சொன்னது. சாவுக்கணக்கைத் திரட்டியும் ஐ.நா. அதை வெளியே சொல்லத் தயங்கியதை, சார்லஸ் பெட்ரி தலைமையிலான உள் ஆய்வு 2012-இல் கண்டித்தது. எங்கள் அமைப்பு தவறிவிட்டது என்று ஐ.நா.வே ஒப்புக்கொண்ட ஆவணம் அது. மனித உரிமையை எல்லாப் பணிக்கும் முன்னே வைக்கும் திட்டம் 2013-இல் பிறந்தது, வன்னியின் பிணங்களிலிருந்து.

இந்தியா இதுவரை ஐம்பதுக்கும் மேற்பட்ட பணிகளுக்குச் சுமார் 2,90,000 பேரை அனுப்பியிருக்கிறது. நூற்றெண்பதுக்கும் அதிகமானோர் திரும்பி வரவில்லை. இவ்வளவு கொடுத்த நாட்டுக்குக் கேட்கும் உரிமை உண்டு. எங்கள் பிள்ளைகளை அனுப்புகிறோம். அவர்களை நம்பிச் சனம் வந்து நிற்கும்போது வண்டியைத் திருப்பச் சொல்லி உத்தரவு போடாதீர்கள் என்று நியூயார்க்கில் உரக்கச் சொல்ல வேண்டும். பெரியப்பாவின் தொப்பியைப் பார்த்துக் கிட்டே வந்த அந்தக் கோமாச் சனத்துக்கும், வாசலில் நின்று கெஞ்சிய கிளிநொச்சிச் சனத்துக்கும் நாம் பட்டிருக்கும் கடன் அது.