பழம்பாடலும் புதுத் தாளமும்

1969-ஆம் ஆண்டு மே 12-ஆம் நாள் விடியற்காலை. பர்மிங்ஹாமில் கச்சேரியை முடித்துக்கொண்டு லண்டனுக்குத் திரும்பிய ‘ஃபேர்போர்ட் கன்வென்ஷன்’ என்னும் ஆங்கில இசைக்குழுவின் வண்டி நெடுஞ்சாலையில் விபத்துக்குள்ளாயிற்று. உயிர் நீத்த இருவருள் ஒருவர் குழுவின் டிரம் வாத்தியக்காரரான மார்ட்டின் லாம்பிள். அவருக்கு வயது 19.

குழுவைக் கலைத்துவிடுவதா, தொடர்ந்து நடத்துவதா என்ற கேள்வி எழுந்தது. தொடர்வதெனத் துணிந்தவர்கள் டேவ் மாட்டக்ஸ் என்பவரைச் சேர்த்துக்கொண்டனர். 1948-இல் பிறந்த இவர் முதலில் பியானோவுக்குச் சுருதி கூட்டும் தொழிலைப் பயின்றவர். பின்னர் ஜாஸ் குழுக்களில் வாசித்தவர். நாட்டுப்பாடல் இவருக்குப் புதிய துறை.

அவ்வாண்டுக் கோடையில் ஹாம்ப்ஷயரில் ஒரு கிராமத்து வீட்டில் தங்கி அனைவரும் பயின்றனர். அவர்கள் மேற்கொண்ட பணி எளிதன்று. இங்கிலாந்தின் பழங்கதைப் பாடல்கள் பெரும்பாலும் பக்கவாத்தியமின்றித் தனிக்குரலில் பாடப்பட்டவை. பாடுவோர் கதையின் போக்கிற்கேற்ப நிறுத்தியும் விரைந்தும் பாடுவர். அவற்றோடு மின்சாரக் கிதாரையும் டிரம்மையும் சேர்த்தால், சொல் மூழ்கிவிடும் அபாயம் உண்டு. தாளம் தளர்ந்தாலோ, பாட்டே தள்ளாடும்.

மாட்டக்ஸ் கண்ட வழி அடக்கம். வேண்டாத அடிகளை விலக்கினார். சொல்லுக்கு இடம் விட்டு, அதன் அடியில் உறுதியான நடையை வைத்தார். மும்மூன்றாகத் துள்ளும் ‘ஜிக்’ நடனமெட்டுக்கும், விரைந்தோடும் ‘ரீல்’ மெட்டுக்கும் அததற்குரிய நடையைத் தந்தார். 1969 டிசம்பரில் வெளிவந்த ‘லீஜ் அண்ட் லீஃப்’ இசைத்தட்டு இம்முயற்சியின் விளைவு. ஆங்கில நாட்டுப்பாடலை மின்னிசையோடு இணைத்த துறைக்கு அதுவே அடிக்கல்லாயிற்று.

1972-இல் அவர் குழுவை விட்டு விலகினார்; மீண்டும் சேர்ந்தார்; மீண்டும் பிரிந்தார். இதற்கிடையே பிறருடைய ஒலிப்பதிவுகளில் பெரிதும் தேடப்பட்டார். நிக் டிரேக்கின் 1971-ஆம் ஆண்டு இசைத்தட்டிலும், ரிச்சர்ட்–லிண்டா தாம்ஸன் தம்பதியரின் 1982-ஆம் ஆண்டு இசைத்தட்டிலும், எக்ஸ்.டி.சி. என்னும் பாப் குழுவின் 1992-ஆம் ஆண்டு வெளியீட்டிலும், பால் மெக்கார்ட்னியின் 1999-ஆம் ஆண்டு வெளியீட்டிலும் அவர் கைவண்ணத்தைக் கேட்கலாம். 1985-இல் புத்துயிர் பெற்ற ஃபேர்போர்ட்டில் 1990-களின் பிற்பகுதி வரை வாசித்து, பின்னர் அமெரிக்காவில் குடியேறினார். அவ்விடத்தில் அமர்ந்த ஜெரி கான்வே 2022-இல் விலகியபின், பழைய குழுவோடு மேடையேற மாட்டக்ஸ் மீண்டும் அழைக்கப்பட்டார்.

பாடகரின் பெயர் மக்கள் நாவில் நிலைப்பதுபோல் தாளக்காரரின் பெயர் நிலைப்பதில்லை. ஆயினும், முன்னோர் பாடலைப் பிறிதோர் இசைமொழியில் சொல்லப் புகுந்தவர்களுக்கு, எதைச் சேர்ப்பது என்பதைக் காட்டிலும் எதைச் சேர்க்காமல் விடுவது என்பதே பெரிய கேள்வி. பிறந்த மண்ணின் பாடலை வேற்றூரில் பிள்ளைகளுக்குச் சொல்லித்தரும் நமக்கும் இக்கேள்வி புதிதன்று. அதற்கு மாட்டக்ஸ் தம் குச்சிகளால் விடை சொன்னார் எனலாம்.