கழுத்துக் கட்டிக்கு ஓர் எண்

பெருமாட்டிப் பஞ்சாயத்தில் ரேஷன் கார்டு மலையாளத்தில் இருக்கும், வீட்டுப் பேச்சு தமிழில் இருக்கும். கோலா ஆலையையும் பிளாச்சிமடைப் போராட்டத்தையும் வைத்துத்தான் வெளியூர்க்காரர்களுக்கு இந்த இடம் தெரியும். எங்களுக்கு இது வேலந்தாவளம் செக்போஸ்ட்டுக்கு இந்தப் பக்கம், அவ்வளவுதான். சளி காய்ச்சலுக்குச் சித்தூர், பெரிய வியாதிக்குக் கோயமுத்தூர். படித்த பிள்ளைகள் வேலைக்குப் போவதும் அங்கேதான். என் அக்கா மகள் அங்கே ஒரு மெடிக்கல் கோடிங் கம்பெனியில், அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் சார்ட்டுகளைப் படித்து நோய்க்கு எண் போடுகிறாள்.

எதிர்வீட்டுப் பெரியவருக்குக் கழுத்தில் கட்டி வந்தது. நெல்லிக்காய் அளவில் இருந்தது இரண்டே மாதத்தில் எலுமிச்சை அளவாகிவிட்டது. ஓர் ஆஸ்பத்திரியில் நிணநீர் முடிச்சை எடுத்துப் பரிசோதித்து, கீமோவும் ஆரம்பித்து அனுப்பினார்கள். டிஸ்சார்ஜ் சம்மரியில் நோயின் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் மூன்றே எழுத்து: என்எச்எல். அதாவது நான்-ஹாட்ஜ்கின் லிம்போமா. லீவில் வந்த மருமகளிடம் காட்டினேன்.

"இது பத்தாது மாமா. இதை வச்சு எண் போட்டா சி85.9தான் வரும். என்ன வகைன்னு சொல்லாத லிம்போமான்னு அர்த்தம். பயாப்சி ரிப்போர்ட் எங்க?"

கட்டி வளர்ந்த வேகத்தைக் கேட்டதுமே அவளுக்கு வேறோர் எண் மேல் சந்தேகம். சி83.3, டிஃப்யூஸ் லார்ஜ் பி செல் லிம்போமா. பெருத்த பி செல்கள் நிணநீர் முடிச்சின் அமைப்பையே அழித்துக்கொண்டு பரவும் வகை. நான்-ஹாட்ஜ்கின் லிம்போமாக்களில் ஏறக்குறைய மூன்றில் ஒன்று இதுதான். விட்டுவைத்தால் மாதக்கணக்கில் ஆளைச் சாய்த்துவிடும். மருந்து கொடுத்தால் பலருக்கு அடியோடு போயும்விடும்.

இந்த எண்களெல்லாம் ஐசிடி என்ற சர்வதேச நோய்ப் பட்டியலைச் சேர்ந்தவை. அதன் பூர்வீகத்தைத் தேடினால் 1893க்குப் போக வேண்டியிருக்கிறது. பாரிஸ் நகரப் புள்ளிவிவர அலுவலகத்தை நடத்திய ஜாக் பெர்த்தியோன், சாவுக்கான காரணங்களின் பட்டியல் ஒன்றைச் சிகாகோவில் கூடிய சர்வதேசப் புள்ளியியல் கூட்டத்தில் வைத்தார். அதே வருஷம் வியன்னாவில் குண்ட்ராட் என்ற நோய்க்கூறியல் மருத்துவர் 'லிம்போசார்கோமா' என்ற நோயை விவரித்து எழுதினார். பட்டியல் ஒரு ஊரில், நோய் இன்னொரு ஊரில். 1948இல் உலக சுகாதார நிறுவனம் பட்டியலைத் தன் பொறுப்பில் எடுத்து, சாவோடு நோயையும் சேர்த்து ஆறாம் திருத்தத்தைக் கொண்டுவந்தது. அதில் லிம்போசார்கோமாவும் ரெட்டிகுலோசார்கோமாவும் 200 என்ற ஒரே எண்ணில் குடியிருந்தன.

ஆனால் அந்தப் பெரிய செல்கள் யார் வீட்டுப் பிள்ளை என்பதிலேயே மருத்துவர்கள் தவறு செய்திருந்தார்கள். 1950களில் ராப்பபோர்ட் அவற்றை ஹிஸ்டியோசைட் என்ற வேறு வகைச் செல்கள் என்று எண்ணி அப்படியே பெயர் வைத்தார். பெரும்பாலும் அவை பி செல்கள்தான் என்று 1970களில் ஜெர்மனியில் லென்னெர்ட்டும் அமெரிக்காவில் லூக்ஸும் காலின்ஸும் திருத்தினார்கள். இன்றைய பெயர் நிலைபெற்றது 1994இல் வந்த லிம்போமா வகைப்பாட்டில். ஐசிடி பட்டியலின் பத்தாம் திருத்தமோ 1990லேயே ஏற்கப்பட்டுவிட்டது. அதனால் சி83.3 என்ற வீட்டின் வாசலில் முதலில் தொங்கிய பலகை 'லார்ஜ் செல், டிஃப்யூஸ்' மட்டுமே. 2010 பதிப்பில்தான் 'பி செல்' என்ற சொல் பலகையில் ஏறியது. பதினொன்றாம் திருத்தம் 2022 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தபோது வீடே மாறிவிட்டது. புது விலாசம் 2ஏ81.

இன்னொரு வேடிக்கை. புற்றுநோய்ப் பதிவேடு எழுதுபவர்களுக்குத் தனிப் புத்தகம் உண்டு, ஐசிடி-ஓ. சென்னையில் 1981இல் அடையாறு கேன்சர் இன்ஸ்டிடியூட்டில் தொடங்கிய பதிவேட்டின் ஊழியர்கள் ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியாகப் போய் ஃபைல்களைப் புரட்டித்தான் கணக்கெடுத்தார்கள். ஐசிடி-ஓ புத்தகத்தின்படி, மருமகள் சந்தேகித்த நோய் 9680/3. கட்டி இருந்த இடம் சி77.0, கழுத்து முடிச்சு. மருமகளின் புத்தகத்தில் அதே சி77.0 என்றால், வேறெங்கோ பிறந்த புற்று கழுத்து முடிச்சுக்குப் பரவியிருக்கிறது என்று பொருள். புத்தகம் மாறியது தெரியாமல் எண்ணைப் பெயர்த்து எழுதினால், இல்லாத ஒரு புற்றைத் தேடி ஆள் அலைய வேண்டியதுதான்.

அவள் வேலை செய்யும் இடத்தில் செல்போன் லாக்கரில். பேனா, காகிதம்கூட உள்ளே கூடாது. இரண்டு திரைகளில் ஒன்றில் சார்ட், இன்னொன்றில் கோடு. அமெரிக்கா 2015 அக்டோபர் 1 அன்று பத்தாம் திருத்தத்துக்கு மாறியது, கூடுதல் இலக்கங்களோடு. முடிச்சு தலை, முகம், கழுத்தில் என்றால் சி83.31. பயாப்சிக்கு முன்னால், புறநோயாளிச் சீட்டில் 'லிம்போமாவாக இருக்கலாம்' என்று டாக்டர் எழுதியிருந்தால் அதை நோயாக எண்ணக் கூடாது. வீங்கிய முடிச்சுக்கான ஆர்59.0 மட்டும். சிகிச்சையில் நோய் அடங்கியவர்களுக்கு 2024 அக்டோபரிலிருந்து சி83.3ஏ. பழைய கதையாகிவிட்டால் இசட்85.72. ஒரு மனிதரின் இரண்டு மூன்று வருஷ அவஸ்தையை இந்த நான்கு குறிகளிலேயே படித்துவிடலாம்.

"நாமளா யூகிச்சுப் போட்டா ஆடிட்ல மாட்டிக்குவோம். ஸ்கேன் கிளீனா இருக்குன்னு நமக்குத் தெரிஞ்சாலும், அடங்கிடுச்சுன்னு டாக்டர் எழுதினாத்தான் ஏ."

எங்கோ இருக்கும் ஓர் அமெரிக்கக் கிழவரின் கட்டி உடம்பின் எந்தப் பகுதி முடிச்சில் என்பதுவரை இங்கிருந்து சரிபார்க்கிறார்கள், ஒரு இலக்கம் தப்பினால் இன்சூரன்ஸ் பணம் திரும்பிவிடும் என்பதால். எதிர்வீட்டுக்காரருக்கு மூன்றெழுத்து. எனக்கு அதில் கோபம் உண்டு. வகை தெரிந்தால்தான் மருந்தை முடிவுசெய்ய முடியும். ரிட்டுக்ஸிமாப் என்ற மருந்து வேலை செய்வது சிடி20 என்ற புரதத்தைச் சுமக்கும் பி செல்களின் மேல்தான். 2007இல் ஹைதராபாத் டாக்டர் ரெட்டீஸ் கம்பெனி அதன் இந்தியப் பதிப்பைக் கொண்டுவந்தது. இன்னொரு ஊரில் இன்னொரு டாக்டர் இவரைப் பார்க்க நேர்ந்தால், 'என்எச்எல்' என்ற சொல் அவருக்கு எதையும் சொல்லாது.

ரிப்போர்ட் கிடைத்தது, துணிக்கடை மஞ்சள் பையில், மின்சார பில்லுக்கும் நிலவரி ரசீதுக்கும் நடுவில், நான்காய் மடித்து. சிடி20 பாசிட்டிவ். செல்கள் பெருகும் வேகத்தைக் காட்டும் கேஐ-67 எண்பது சதவீதம். கடைசி வரியில் நோயின் முழுப் பெயர். மருமகள் அந்த ரிப்போர்ட்டின் கவர் மேல் பென்சிலால் எழுதினாள்: சி83.31. பிறகு நாக்கைக் கடித்துக்கொண்டு கடைசி 1ஐ அழித்தாள். அது அமெரிக்காவுக்கான இலக்கம்.

மூன்று வாரத்துக்கு ஒன்றாக ஆறு கீமோவும் முடிந்து, கட்டி இருந்த இடம் தெரியாமல் போனபின், ஒரு ஞாயிற்றுக்கிழமை பெரியவர் அந்தக் கவரோடு திண்ணைக்கு வந்தார்.

"சாமி, இந்த நம்பர் இன்னமும் இதேதானுங்களா?"

"நான் மாத்த முடியாதுங்க தாத்தா. டாக்டர் எழுதணும்."