சபரிமலைப் பெண்கள் நுழைவு வழக்கு: பெண்களிடையே எழுந்த பிளவு

சபரிமலை ஐயப்பன் கோயிலுக்குள் 10 முதல் 50 வயது வரையிலான பெண்கள் செல்லக் கூடாது என்ற தடையை உச்ச நீதிமன்றம் 2018இல் நீக்கியது. அரசமைப்புச் சட்டம் உறுதியளிக்கும் சம உரிமைக்கு என்ன பொருள் என்பதில் பெண்களே இரு அணிகளாகப் பிரிந்த முக்கியமான வழக்கு இது.

வழக்கம்

தேனி–குமுளி சாலையில் உத்தமபாளையத்துக்கும் கம்பத்துக்கும் இடையே இருக்கிறது அனுமந்தன்பட்டி. கார்த்திகை, மார்கழியில் கறுப்பு வேட்டியும் இருமுடியுமாக ஐயப்ப பக்தர்களான சாமிமார் இவ்வழியே சபரிமலைக்குப் போகின்றனர். மாலை போட்டவர் ஒரு மண்டலம் விரதம் இருக்கும்போது, விடியுமுன் குளித்து அடுப்பு மூட்டும் வீட்டுப் பெண்களும் உடன் விரதம் காக்கின்றனர். இருமுடிப் பையில் கைநிறைய அரிசி அள்ளிப் போடுவதிலும் அவர்கள் பங்கேற்கின்றனர். சிறுமியரும் முதிய பெண்களும் மட்டுமே ‘மாளிகைப்புறம்’ என்ற பெயரில் மலையேறி வந்தனர்.

வழக்கு

கேரள உயர் நீதிமன்றம் 1991 ஏப்ரல் 5 அன்று தடையை உறுதி செய்தது. இந்திய இளம் வழக்கறிஞர்கள் சங்கம் 2006இல் உச்ச நீதிமன்றம் சென்றது. 2018 செப்டம்பர் 28 அன்று ஐந்து நீதிபதிகளில் நால்வர், அரசமைப்புச் சட்டத்தின் 25ஆம் பிரிவு தரும் வழிபாட்டுரிமை ஆண், பெண் இருவருக்கும் பொது என்று கூறி, தடைக்கு ஆதாரமான 1965ஆம் ஆண்டு விதியை ரத்து செய்தனர். மாறுபட்ட தீர்ப்பு எழுதியவர் அமர்வின் ஒரே பெண் நீதிபதியான இந்து மல்ஹோத்ரா. ஆழ்ந்த மத நம்பிக்கையைப் பகுத்தறிவு கொண்டு நீதிமன்றம் அளக்கலாகாது என்பது அவர் நிலை.

இரு அணிகள்

ஐயப்பன் வாழ்நாள் முழுதும் பிரம்மச்சரியம் காக்கும் நைஷ்டிக பிரம்மசாரி; ஆகவே 50 வயதுவரை காத்திருப்பதும் பக்தியே என்று 2016இலேயே ‘ரெடி டு வெயிட்’ இயக்கப் பெண்கள் வாதிட்டனர். தீர்ப்புக்குப் பின் அதை எதிர்த்துப் பெண்கள் நாமம் சொல்லி ஊர்வலம் சென்றனர். ஐயப்ப பக்தைகளின் சங்கமும் மறுஆய்வு கோரியது. மறுபக்கம், சென்னையின் ‘மனிதி’ அமைப்பினர் மதுரை வழியாகச் சபரிமலை நோக்கிச் சென்று, 2018 டிசம்பர் 23 அன்று பம்பையில் எதிர்ப்பால் திரும்பினர். 2019 ஜனவரி 1 அன்று காசர்கோட்டிலிருந்து திருவனந்தபுரம்வரை சுமார் 620 கி.மீ. நீளத்துக்குப் பெண்கள் சமத்துவச் சுவராக நின்றனர். மறுநாள், தடை விதிக்கப்பட்டிருந்த வயதினரான பிந்து, கனகதுர்கா இருவரும் சந்நிதியில் தரிசனம் செய்தனர்.

2019 நவம்பர் 14 அன்று, வழக்கு எழுப்பிய கேள்விகள் பெரிய அமர்வுக்கு அனுப்பப்பட்டன.

மதிப்பீடு

தடையை ஏற்றதால் ஒருத்தி அறியாதவள் ஆகிவிட மாட்டாள். படியேறக் கேட்டதால் பக்தியில் குறைந்தவளும் ஆக மாட்டாள். ஒரே இருமுடிக்கு அரிசி போடும் தாயும் மகளும் வேறு வேறு விடை சொல்லலாம். அவர்களைக் கேளாமல் அவர்கள் பெயரால் பேசுவதுதான் சமத்துவத்துக்கு நேரும் முதல் குறை.